பெயரிடுமுன் விசாரியுங்கள்

பிஸ்மில்லாஹிர் ரஹ்மானிர் ரஹீம்.

புகழனைத்தும் அகிலத்தாரின் இரட்சகனான அல்லாஹு தஆலாவுக்கே உரியது. ஆதி பிதா ஆதம் (அலை) அவர்களைப் படைத்து, அவர்களுக்குப் பொருள்களின் பெயர்களையெல்லாம் கற்றுக்கொடுத்து, அந்த அறிவைக் கொண்டே மலக்குகளின் முன்னிலையில் அவர்களை மேன்மைப்படுத்தியவன் அவன். ஸலவாத்தும் ஸலாமும் நம் உயிரினும் மேலான முஹம்மது முஸ்தஃபா (ஸல்) அவர்கள் மீதும், அன்னாரின் குடும்பத்தார், தோழர்கள் மீதும் உண்டாவதாக!



பிள்ளைக்கு நாம் கொடுக்கும் முதல் பொருள் அதன் பெயர்தான். உடுத்திய உடை கிழிந்து போகும். குடியிருந்த வீடு கைமாறும். பெயரோ பள்ளிக்கூடப் பதிவேட்டில் ஏறி, நிக்காஹ் தஃப்தரில் ஏறி, ஜனாஸாத் தொழுகைக்கு முன் செய்யும் அறிவிப்பு வரையில் கூடவே வரும். அதைத் தேர்ந்தெடுக்கும் உரிமை மட்டும் அந்தப் பிள்ளைக்கு இல்லை. ஆகவேதான் நம் மார்க்கம் இதைப் பெற்றோரின் பொறுப்பாக்கியது. பிறந்த ஏழாம் நாளில் அகீகா கொடுத்து, தலைமுடி இறக்கி, பெயர் சூட்டும்படி அண்ணல் நபி (ஸல்) அவர்கள் வழிகாட்டியதாக அபூதாவூத், திர்மிதீ ஆகிய நூல்களில் வருகிறது. தமது அருமை மகனுக்கோ பிறந்த இரவிலேயே இப்ராஹீம் என்று பெயரிட்டதாக முஸ்லிம் நூலில் வருகிறது. இரண்டும் ஆகுமானவை. பெயரிடும் உரிமை ஆண்களுக்கு மட்டும் உரியதுமல்ல. இம்ரானின் மனைவியார் தாம் பெற்ற பெண் மகவுக்கு மர்யம் என்று தாமே பெயரிட்டதைத் திருமறையின் மூன்றாம் அத்தியாயம் நமக்குச் சொல்கிறது.

இன்று பெயர் எங்கிருந்து வருகிறது? ராயபுரம் ஆர்.எஸ்.ஆர்.எம். மகப்பேறு மருத்துவமனையில் பிள்ளை பிறந்த செய்தி வீட்டுக்கு வந்ததும், ஒருவர் மண்ணடியில் வாங்கி வைத்திருந்த பெயர்ப் புத்தகத்தைப் புரட்டுகிறார். வளைகுடா நாட்டிலிருக்கும் மாமா தொலைபேசியில் ஒரு பெயர் சொல்கிறார். இளையவர்கள் செல்போனைத் தட்டினால் ஒரே பெயருக்கு நான்கு விதமான பொருள் வந்து நிற்கிறது. அதில் எது அழகாக இருக்கிறதோ அது நிலைத்துவிடுகிறது. எது உண்மை என்று கேட்பவர்கள் குறைவு.

நம் துறைமுகத்தில் வேலை செய்யும் சகோதரர்களுக்கு ஒன்று தெரியும். ஒவ்வொரு கண்டெய்னரின் மீதும் நான்கு எழுத்துக்களும் ஏழு இலக்கங்களும் இருக்கும். ஏழாவது இலக்கம், மற்றவை சரியாகக் குறிக்கப்பட்டனவா என்று சோதிப்பதற்கென்றே சேர்த்தது. ஓர் எழுத்தைப் பிழையாகக் குறித்தாலும் கணக்கு இடிக்கும். உயிரற்ற இரும்புப் பெட்டிக்கே இவ்வளவு காவல் இருக்கும்போது, ஈமானோடு வளர வேண்டிய ஒரு பிள்ளையின் பெயரை நாம் ஒரு முறையாவது சரிபார்க்க வேண்டாமா? தீயவன் ஒருவன் செய்தி கொண்டுவந்தால் அதைத் தீர விசாரித்துக்கொள்ளும்படி அல்லாஹ் திருமறையின் 49-ஆம் அத்தியாயத்தில் முஃமின்களுக்குக் கட்டளையிடுகிறான். யார் எழுதினார்கள் என்றே தெரியாத பெயர்ப் பட்டியலை விசாரிக்காமல் ஏற்பது எப்படிப் பொருந்தும்?

ஒரே எழுத்தில் இரண்டு பெண்கள்

நம் மகளிரிடையே அடிக்கடி எழும் ஒரு கேள்வியை எடுத்துக்கொள்வோம். “ஆசியா என்று பெயர் வைக்கலாமா? அதற்குப் பாவி என்று பொருளாமே! ரசூலுல்லாஹ் அந்தப் பெயரை மாற்றினார்களாமே!” என்று கேட்கிறார்கள். யாரோ சொன்ன இந்தப் பேச்சை நம்பி, வளர்ந்த பெண்ணின் பெயரையே மாற்ற எண்ணுகிறவர்களும் உண்டு.

உண்மை என்ன? ‘ஆஸியா’ என்று ஒலிக்கும் பெயர்கள் அரபியில் இரண்டு. ஒன்று ‘ஐன்’ எழுத்தில் தொடங்கி, நடுவில் ‘ஸாத்’ எழுத்தைக் கொண்டது. அதற்கு மாறு செய்பவள் என்பது பொருள். உமர் (ரலி) அவர்களின் மகள் ஒருவருக்கு இந்தப் பெயர் இருந்தது என்றும், பெருமானார் (ஸல்) அவர்கள் அதை ஜமீலா, அதாவது அழகி என்று மாற்றினார்கள் என்றும் முஸ்லிம் நூலில் பதிவாகியுள்ளது. மற்றொன்று ‘அலிஃப்’ எழுத்தில் தொடங்கி, நடுவில் ‘ஸீன்’ எழுத்தைக் கொண்டது. இது ஃபிர்அவ்னின் மனைவியாருடைய பெயர். கொடுங்கோலனின் மாளிகையில் இருந்துகொண்டே ஈமானைக் காத்து, சுவனத்தில் தமக்கொரு வீடு கேட்டு துஆச் செய்த அந்தப் பெருமாட்டியை அல்லாஹ் முஃமின்களுக்கு உதாரணமாகக் காட்டுகிறான். பெண்களில் நிறைவு பெற்றவர்களாக அவரையும் மர்யம் அவர்களையும் நபியவர்கள் குறிப்பிட்டதை புகாரி நூலில் காணலாம்.

இந்த இரண்டு பெயர்களையும் தமிழில் எழுதினால் ‘ஆசியா’ என்று ஒன்றாகவே தெரியும். அரபியில் அவற்றுக்கிடையே உள்ள தூரம் மாறு செய்தலுக்கும் கீழ்ப்படிதலுக்கும் உள்ள தூரம். பெயரின் அரபு எழுத்தைப் பார்க்காமல் தீர்ப்புச் சொன்னவர், ஈமானின் சிகரமாக விளங்கிய ஒரு பெண்ணின் பெயரைப் பாவியின் பெயராக்கிவிட்டார். அந்தப் பெயரைச் சுமக்கும் மகளின் மனத்தையும் புண்படுத்திவிட்டார். ஒரு பெயரை வைக்குமுன் விசாரிப்பது எவ்வளவு கடமையோ, அதைக் குறை கூறுமுன் விசாரிப்பதும் அவ்வளவு கடமையாகும்.

எழுத்து மாறினால் பொருள் மாறும்

நம் தாய்மொழியாம் தமிழ் குறையுள்ள மொழியன்று. ஒவ்வொரு மொழிக்கும் அதனதன் ஓசைகள் உண்டு. அரபியிலுள்ள ஸீன், ஸாத், மூன்று புள்ளி ஸா ஆகிய மூன்றையும் நாம் ‘ஸ’ என்றோ ‘ச’ என்றோ எழுதிவிடுகிறோம். பெரிய ஹாவும் சிறிய ஹாவும் ‘ஹ’ ஆகின்றன. அலிஃபும் ஐனும் ‘அ’ ஆகின்றன. இதனால் வரும் மயக்கத்துக்குச் சில உதாரணங்கள்:

அலீம் – ஐனில் தொடங்கினால் எல்லாம் அறிந்தவன். அல்லாஹ்வின் திருநாமங்களில் ஒன்று. அலிஃபில் தொடங்கினால் நோவினை தருவது. நரக வேதனையைப் பற்றித் திருமறையில் வரும் சொல்.

ஹாமித் – பெரிய ஹா என்றால் புகழ்பவர். சிறிய ஹா என்றால் உயிரற்றுக் கிடப்பது. மழை காணாத வறண்ட பூமிக்குத் திருமறை இச்சொல்லைப் பயன்படுத்துகிறது.

கலீல் – ‘கா’ என்ற புள்ளியிட்ட எழுத்தாயின் உற்ற நண்பர். இப்ராஹீம் (அலை) அவர்களுக்கு வாய்த்த சிறப்புப் பட்டம் இதுவே. ‘காஃப்’ எழுத்தாயின் சொற்பம்.

ஸமீனா – மூன்று புள்ளி ஸா என்றால் விலைமதிப்புள்ளவள். ஸீன் என்றால் கொழுத்தவள்.

ஸஹ்ரா – ‘ஸாய்’ எழுத்தாயின் ஒளி வீசுபவர். பாத்திமா நாயகியாரின் சிறப்புப் பெயர். ‘ஸாத்’ எழுத்தாயின் பாலைவனம்.

இன்னும் ஒன்று. ரஹீம் என்பதில் ஹாவின் கீழே தவறுதலாக ஒரு புள்ளி விழுந்தால் அது ரஜீம் ஆகிவிடும். ரஜீம் என்பது விரட்டப்பட்டவன் என்ற பொருளில், நாம் அஊது ஓதும்போது ஷைத்தானுக்குச் சொல்லும் அடைமொழி. அச்சுக்கூடத்தில் விழும் ஒரு புள்ளி செய்யும் வேலையைப் பாருங்கள்! ஆகவே பெயர்ப் புத்தகத்தில் அரபு எழுத்து இல்லையென்றால், அதிலுள்ள பொருளை நம்பாதீர்கள். அரபு எழுத்து இருந்தாலும் வேறோர் இடத்தில் ஒத்துப் பாருங்கள்.

நம் முன்னோர்கள் இதில் விழிப்பாக இருந்தார்கள். தமிழையே அரபு எழுத்தில் எழுதும் அரபுத் தமிழை அவர்கள் கையாண்டார்கள். அரபியில் இல்லாத தமிழ் ஓசைகளுக்குக் கூடுதல் குறிகளை இட்டுக்கொண்டார்கள். மார்க்க நூல்களும் கடிதங்களும் அந்த எழுத்திலேயே எழுதப்பட்டன. ஒரு பெயர் அந்த எழுத்தில் ஏறிவிட்டால் அதிலுள்ளது ஐனா, அலிஃபா என்ற சந்தேகம் பேரன் காலத்திலும் எழாது. அந்தப் பழக்கம் நம்மை விட்டுப் போனபோது இந்தப் பாதுகாப்பும் போய்விட்டது.

குர்ஆனில் இருந்தால் போதுமா?

“குர்ஆனில் வருகிறதே, பெயராக வைத்தால் என்ன?” என்று கேட்பவர்கள் உண்டு. குர்ஆன் முழுவதும் அல்லாஹ்வின் பேச்சு, அதில் ஐயமில்லை. ஆனால் அந்தப் பேச்சில் சுவனமும் வருகிறது, நரகமும் வருகிறது. நபிமார்களும் வருகிறார்கள், ஃபிர்அவ்னும் வருகிறான். 66-ஆம் அத்தியாயத்தின் பெயர் தஹ்ரீம். ஓசை இனிமையாக இருக்கிறதென்று பெண் பிள்ளைகளுக்கு அதைச் சூட்டுகிறார்கள். அதன் பொருளோ தடை செய்தல்! மகளை வாழ்நாளெல்லாம் ‘தடை’ என்று கூப்பிடவா ஆசைப்பட்டோம்?

புத்தகத்தில் எழுதிய பொருளே தவறாக இருப்பதும் உண்டு. அயான் என்ற பெயருக்கு இறைவனின் கொடை என்று போட்டிருப்பார்கள். அரபியில் அச்சொல்லுக்குக் கண்ணாரக் காண்பது, வெளிப்படையானது என்றே பொருள். தீய பொருள் அன்று; ஆனால் கொடை என்பது அதில் இல்லை. இறைவனின் கொடை என்றே பெயரிட விரும்புவோருக்கு ஹிபத்துல்லாஹ், அதாவுல்லாஹ் என்ற தெளிவான பெயர்கள் இருக்கின்றன. இக்காலத்தில் பலரும் விரும்பும் ரய்யான் என்ற பெயரோ நல்ல ஆதாரமுள்ளது. நோன்பாளிகள் நுழையும் சுவன வாயிலுக்கு அந்தப் பெயர் என்பதை புகாரி நூலில் காண்கிறோம். புதிதாகப் பரவும் பெயரெல்லாம் பொய்யுமல்ல, பழைய பெயரெல்லாம் சரியுமல்ல என்பதற்கே இதைச் சொன்னோம்.

அகராதி மட்டும் போதாது

நம் பகுதியிலேயே இதற்கு ஒரு பாடம் இருக்கிறது. தொண்டிக்கு அருகிலுள்ள குணங்குடியில் பிறந்து, வடசென்னையில் வந்து தங்கி, 1838-ஆம் ஆண்டு மறைந்து ராயபுரத்தில் அடக்கமான குணங்குடி மஸ்தான் சாகிபு அவர்களைத் தமிழுலகம் அறியும். அவர்களது இயற்பெயர் சுல்தான் அப்துல் காதிர். மஸ்தான் என்பது பாரசீக வழி வந்த சொல். வெறும் அகராதியைப் புரட்டுபவர் அதற்குப் போதை கொண்டவர் என்று எழுதிவிட்டுப் போவார். ஆனால் இறைக் காதலில் தம்மை மறந்தவர் என்ற கருத்திலேயே நம் மக்கள் அச்சொல்லை வழங்கினார்கள். ஒரு பெயரின் வேரைப் பார்ப்பதோடு, மக்கள் அதை எந்தக் கருத்தில் வழங்கினார்கள் என்பதையும் பார்த்தாக வேண்டும்.

அவர்கள் தொண்டியிலிருந்து வந்ததால் தொண்டியார் என அழைக்கப்பட்டார்கள் என்றும், அதனால் எழுந்த தொண்டியார்பேட்டை என்ற பெயரே பிறகு தண்டையார்பேட்டை ஆயிற்று என்றும் வழிவழியாகச் சொல்லி வருகிறார்கள். தமிழ்ப் பலகையை மட்டும் படிக்கிற பிள்ளை, காலில் அணியும் தண்டைக்கும் இந்த ஊருக்கும் ஏதோ சம்பந்தம் என்று நினைக்கும். ஆங்கிலப் பலகையில் தொண்டியார் என்ற ஓசை இன்றும் மிஞ்சியிருக்கிறது. எல்லோரும் நாள்தோறும் சொல்லும் ஊர்ப் பெயரே வாய்க்கு வாய் இப்படி மாறுமென்றால், ஒரு குடும்பத்துக்குள் வழங்கும் பெயர் எவ்வளவு எளிதில் மாறிவிடும்! முஹ்யித்தீன் என்ற பெயர், மார்க்கத்துக்கு உயிரூட்டுபவர் என்ற பொருளோடு வந்து, நம் வாயில் மைதீன் ஆயிற்று. அன்போடு மைதீன் என்று கூப்பிடுங்கள், குற்றமில்லை. மூலப் பெயர் எது, அதன் பொருள் என்ன என்பதை அந்தப் பிள்ளைக்குச் சொல்லி வையுங்கள்.

அரபி அல்லாத பெயரெல்லாம் இஸ்லாத்துக்கு ஆகாதவை என்று எண்ணுவதும் பிழை. பானு, பர்வீன், ஷிரீன், நூர்ஜஹானிலுள்ள ஜஹான் ஆகியவை பாரசீகச் சொற்கள். பேகம் துருக்கியிலிருந்து வந்தது. அவ்வளவு ஏன், இப்ராஹீம், இஸ்மாயீல், இஸ்ஹாக், யஃகூப் ஆகிய நபிமார்களின் பெயர்களையே அரபி இலக்கண அறிஞர்கள் வேற்றுமொழிப் பெயர்கள் என்று வகைப்படுத்துகிறார்கள். நல்ல பொருளும் ஷிர்க்குக்கு இடமில்லாத தூய்மையும் இருந்தால், எம்மொழிப் பெயராயினும் தடையில்லை.

ஹதீஸையும் விசாரியுங்கள்

பெயரைப் பற்றிப் பேசும்போது நாம் எடுத்துச் சொல்லும் ஹதீஸ்களிலும் கவனம் வேண்டும். அப்துல்லாஹ், அப்துர் ரஹ்மான் ஆகிய பெயர்கள் அல்லாஹ்வுக்கு மிக விருப்பமானவை என்ற ஹதீஸ் முஸ்லிம் நூலில் உள்ள ஆதாரப்பூர்வமான செய்தி. பெருமானாரின் பெயரைச் சூட்டிக்கொள்ளலாம் என்ற அனுமதி புகாரியிலும் முஸ்லிமிலும் உள்ளது. ஆனால் முஹம்மது என்று பெயரிட்டாலே சுவனம் உறுதி என்ற கருத்தில் சொல்லப்படுபவை இட்டுக்கட்டப்பட்டவை என்று ஹதீஸ் கலை அறிஞர்கள் தெளிவாக்கிவிட்டார்கள். கியாமத்து நாளில் உங்கள் பெயராலும் தந்தையர் பெயராலும் அழைக்கப்படுவீர்கள், ஆகவே பெயர்களை அழகாக்கிக்கொள்ளுங்கள் என்ற கருத்துடைய அறிவிப்பு அபூதாவூதில் வருகிறது. அது மேடைதோறும் சொல்லப்படுகிறது. அதன் அறிவிப்பாளர் தொடரில் ஒரு துண்டிப்பு இருப்பதை இமாம் அபூதாவூத் அவர்களே குறிப்பிட்டுள்ளார்கள். அழகிய பெயரிடும் கடமைக்கு வேறு உறுதியான ஆதாரங்கள் இருக்கும்போது, பலவீனமானதைத் தூணாக்க வேண்டிய அவசியமில்லை.

விசாரிக்கும் முறை

முதலாவதாக, உங்கள் மஹல்லா இமாமிடம் சென்று அந்தப் பெயரை அரபு எழுத்தில் எழுதி வாங்குங்கள். “நல்ல பெயரா ஹஜ்ரத்?” என்று வாயால் கேட்டுவிட்டு வந்துவிடாதீர்கள். வாயால் கேட்டால் அவர்களுக்கும் எந்த அலீம் என்று தெரியாது.

இரண்டாவதாக, அதன் மூல எழுத்துக்களைக் கொண்டு அரபி அகராதியில் பொருளைப் பார்க்கச் சொல்லுங்கள். அரபிச் சொல் இல்லையென்றால் எம்மொழிச் சொல் என்று கேளுங்கள்.

மூன்றாவதாக, அந்தப் பெயரோடு வாழ்ந்தவர்கள் யார் என்று அறியுங்கள். நாயிலா என்பது அறியாமைக் காலத்தில் ஒரு சிலைக்கு இருந்த பெயர் என்று சிலர் தடுப்பார்கள். உஸ்மான் (ரலி) அவர்களைக் காக்க வாளுக்கு முன் கை நீட்டி விரல்களை இழந்த அவர்களது மனைவியாரின் பெயரும் நாயிலாதான். ஆகவே பெயரில் குற்றமில்லை. ஆனாலும் தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் மற்றப் பிள்ளைகள் அதை எப்படி வெட்டிக் கூப்பிட்டுக் கேலி செய்வார்கள் என்பதையும் பெற்றோர் எண்ணிப் பார்ப்பது நல்லது. நாம் வாழும் மொழியில் பெயர் எப்படி ஒலிக்கிறது என்பதும் விசாரணையில் அடங்கும்.

நான்காவதாக, அப்துல் என்பதைத் தனிப் பெயராக்காதீர்கள். ‘இன்னாருடைய அடிமை’ என்பதில் இன்னார் யார் என்றே இல்லாமல் நிற்கும் துண்டுச் சொல் அது. அதுபோலவே “ரஹ்மான் பாய், ஒரு டீ!” என்று அழைப்பதையும் தவிர்த்துக்கொள்ளுங்கள். ரஹ்மான் என்பது அல்லாஹ் ஒருவனுக்கே உரிய திருநாமம். அப்துர் ரஹ்மான் என்று முழுமையாகச் சொல்ல ஒரு நொடிதான் கூடுதலாகும்.

ஐந்தாவதாக, பதிவில் அவசரம் வேண்டாம். 1969-ஆம் ஆண்டின் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டப்படி, பிறப்பை 21 நாட்களுக்குள் பதிய வேண்டும். ஆனால் பெயர் முடிவாகவில்லையென்றால் பெயரில்லாமலேயே பதியலாம். பிறகு 12 மாதங்களுக்குள் கட்டணமின்றியும், அதற்கு மேல் 15 ஆண்டுகள் வரை தாமதக் கட்டணத்துடனும் பெயரைச் சேர்க்க முடியும். ஒரு பெயர் ஏறிய பின் அதை மாற்றுவதுதான் கடினம். 2023 அக்டோபர் 1-ஆம் தேதிக்குப் பின் பிறந்தவர்களுக்குப் பள்ளிச் சேர்க்கை, ஓட்டுநர் உரிமம், வாக்காளர் பட்டியல், பாஸ்போர்ட், ஆதார் ஆகிய பலவற்றுக்கும் பிறப்புச் சான்றிதழே ஆதாரமாகிறது. கப்பல் வேலைக்கும் வெளிநாட்டுக்கும் பிள்ளைகளை அனுப்பும் நமக்கு, ஒரு சான்றில் ஒரு விதமாகவும் மறு சான்றில் வேறு விதமாகவும் பெயர் இருந்தால் வரும் அலைச்சல் தெரியும். ஆகவே அரபியில் ஒன்று, தமிழில் ஒன்று, ஆங்கிலத்தில் ஒன்று என மூன்று வடிவத்தையும் ஒரு தாளில் எழுதி, அதைப் பார்த்தே எல்லா இடத்திலும் நிரப்புங்கள். அந்தத் தாளைப் பத்திரப்படுத்துங்கள்.

ஏற்கனவே பெயர் பெற்றவர்களுக்கு

இதைப் படித்துவிட்டுத் தம் பெயரைப் பற்றிக் கலங்குகிறவர்கள் இருக்கலாம். முதலில் எழுத்தைப் பாருங்கள். பெரும்பாலான பெயர்களில் பெற்றோர் நினைத்தது நல்ல பொருளே; தமிழிலோ ஆங்கிலத்திலோ எழுதும்போது ஏற்பட்ட மயக்கம் அந்த எண்ணத்தைக் கெடுக்காது. அலீம் என்று மகனை அழைத்த தந்தை நோவினையை எண்ணி அழைக்கவில்லை. உங்கள் பெயர் அரபு எழுத்தில் சரியாக இருந்தால், யார் என்ன சொன்னாலும் மாற்றாதீர்கள். உண்மையிலேயே தீய பொருளோ ஷிர்க்கோ இருந்தால் மாற்றுவது சுன்னத்து. அதற்கு அரசிதழில் வெளியிடும் சட்ட வழியும் உண்டு. அது கைகூடும் வரை வீட்டிலும் ஜமாஅத்திலும் நல்ல பெயரால் அழைத்துவரத் தடையேதும் இல்லை.

மற்றவர்கள் ஒன்றை நினைவில் வையுங்கள். ஸயீத் இப்னுல் முஸய்யிப் (ரஹ்) அவர்களின் பாட்டனாருக்கு ஹஸ்ன் என்று பெயர். கரடுமுரடான நிலம் என்று பொருள். பெருமானார் (ஸல்) அவர்கள் அதை ஸஹ்ல், அதாவது இலகுவானது என்று மாற்றச் சொன்னார்கள். தந்தை வைத்த பெயரை மாற்ற மாட்டேன் என்று அவர் மறுத்துவிட்டார். அந்தக் கடினத்தன்மை தம் குடும்பத்தில் பின்னரும் நீடித்ததாக ஸயீத் அவர்கள் சொன்னது புகாரியில் உள்ளது. மறுத்தவருக்கு நஷ்டம், அதில் நமக்குப் படிப்பினை உண்டு. ஆனால் மறுத்தவரை அண்ணலார் சபையில் ஏளனம் செய்யவில்லை, கட்டாயப்படுத்தவும் இல்லை. நாமோ கல்யாண வீட்டில், பத்துப் பெண்கள் கூடியிருக்கும் இடத்தில், “உன் பெயருக்குப் பொருள் தெரியுமா?” என்று ஒரு பிள்ளையைத் தலைகுனிய வைக்கிறோம். பட்டப் பெயர் சூட்டி ஒருவரையொருவர் இழிவுபடுத்துவதைத் தடுத்த இறைவன், சொந்தப் பெயரைக் கொண்டே இழிவுபடுத்துவதைப் பொறுப்பானா? தவறு இருக்கிறதென்று தெரிந்தால் தாய் தகப்பனிடம் தனிமையில் சொல்லுங்கள். சொல்லுமுன் அந்த எழுத்து என்னவென்று நீங்களும் விசாரித்துக்கொள்ளுங்கள்.

வல்ல நாயன் நம் மக்களுக்கு நல்ல பெயர்களையும், அந்தப் பெயர்களுக்கேற்ற நல்ல குணங்களையும், நமக்கு விசாரித்து நடக்கும் பொறுமையையும் தந்தருள்வானாக! ஆமீன். யா ரப்பல் ஆலமீன்.